விளக்கை அணைக்காமல் ஓட்டிய படம்

ஹெட்டி ட்ரான்டர் தன் வாழ்நாளில் தியேட்டர் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்த படம் ஒன்றே ஒன்று. அதையும் பாதியில் நிறுத்தச் சொல்லிவிட்டாள். அந்தப் படத்தின் பெயர் இன்று யாருக்கும் தெரியாது. அது வெளிவந்த வாரத்திலேயே யாருக்கும் தெரியாது. 'லேடி ரோசமண்டின் விருந்து' என்று பெயர். பிரபு வீட்டு விருந்து, அதில் பாட்டு, கூத்து, ஒரு காதல், ஒரு நாய். எங்கள் பேட்டையான டெப்ட்ஃபோர்டில் அதைப் பார்த்தவர்கள் மொத்தம் நான்கு பெண்கள். நான்கு பேர் கையிலும் தரை தேய்க்கிற பிரஷ் இருந்தது.

அந்த நால்வரில் நானும் ஒருத்தி. பாரகான் தியேட்டரைப் பெருக்கித் துடைக்கிற வேலை எங்களுக்கு. ஜனங்கள் காசு கொடுத்துப் பார்க்க விரும்பியது அமெரிக்கப் படம். அதைக் கண்டு மேலே இருக்கிறவர்களுக்கு வயிற்றெரிச்சல். உள்நாட்டுப் படமும் இவ்வளவு ஓட்டியாக வேண்டும் என்று ஒரு சட்டம் போட்டார்கள். உடனே யாரும் பார்க்கத் தேவையில்லாத படங்களை மலிவாகவும் அவசரமாகவும் எடுத்துத் தள்ள ஒரு கூட்டம் கிளம்பியது. அவற்றை யாரும் பார்க்காத நேரத்தில் ஓட்டித் தள்ள மானேஜர்கள் கிளம்பினார்கள். எங்கள் மானேஜர் பில்பீம் கண்டுபிடித்த நேரம் காலை பத்து மணி. அவனிடம் வேலையில் இருந்தபோது 'சார்' என்றோம். இப்போது என்ன கெட்டுப்போயிற்று, அவன் என்றே சொல்கிறேன்.

பத்து மணிக்கு வாசல் கதவைத் திறந்து வைப்பான். சட்டப்படி அது காட்சி. டிக்கெட் கொடுக்கிற பெண் இன்னும் வீட்டில் தலை வாரிக்கொண்டிருப்பாள். உள்ளே நாங்கள் நாற்காலிகளுக்கு அடியில் தவழ்ந்து, ராத்திரிக் கூட்டம் போட்டுவிட்டுப் போன ஆரஞ்சுத் தோலையும் வேர்க்கடலைத் தொலியையும் பொறுக்கிக்கொண்டிருப்போம். எங்களுக்குக் கண் தெரிய வேண்டுமே, அதனால் விளக்கை அணைப்பதில்லை. திரையில் வெளிறிப்போன ஆட்கள் யாரோ வருவார்கள், கை ஆட்டுவார்கள், போவார்கள். நிமிர்ந்து பார்க்க எங்களுக்கும் நேரம் கிடையாது.

சத்தமும் கிடையாது. பேசும் படம் வந்த புதிது அது. மலிவுப் படங்களுக்குப் பேச்சும் பாட்டும் தனியாகப் பெரிய இசைத்தட்டுகளில் வரும், ஒரு ஃபிலிம் சுருளுக்கு ஒரு தட்டு. ஆபரேட்டர் சுருளையும் தட்டையும் குறி பார்த்துச் சேர்த்து முள்ளை வைத்தால்தான் வாயும் குரலும் ஒட்டும். அந்தத் தொல்லை எதற்கு என்று பில்பீம் தட்டுகளைப் பெட்டியை விட்டு எடுக்கவே விடுவதில்லை. படத்தை ஓட்டச் சொல்லித்தான் சட்டம், பாடச் சொல்லி இல்லையே என்பான். பக்கெட்டுக்குப் பாட்டு எதற்கு என்றும் ஒரு தடவை சொன்னான். பாட்டுப் படத்தை ஊமையாக ஓட்டி, அதையும் பட்டப்பகல் போல விளக்கைப் போட்டுக்கொண்டு ஓட்டிய நாடு எங்கள் நாடு. எங்களில் மிஸஸ் மாட் என்று ஒரு கிழவி, காது சுத்தமாகக் கேட்காது. இப்போதுதான் எல்லாருக்கும் என் நிலைமை வந்தது என்று அவளுக்கு ஒரே சந்தோஷம்.

ஹெட்டியைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவளும் நானும் ஒரே தெரு, எதிரெதிர் வீடு. காலையில் தியேட்டர், மதியத்துக்கு மேல் ப்ளாக்ஹீத் மேட்டில் இருக்கிற பெரிய வீடுகளில் படியும் தரையும் தேய்ப்பாள். முழங்கால் இரண்டும் காய்த்துப் போயிருக்கும். வீட்டுக்கு வந்த பிறகாவது ஒரு மனுஷி சும்மா உட்காரலாம். இவள் தன் வீட்டுப் படியைத் தேய்ப்பாள். அழுக்கு என்பது ஹெட்டிக்குப் பாவம் இல்லை, அதைவிட மோசம், மானக்கேடு. நிலக்கரியைக்கூட கழுவிவிட்டுத்தான் அடுப்பில் போடுகிறாள் என்று தெருவில் கேலி பேசுவார்கள். அவளிடம் இரவல் வாங்கின பாத்திரம் எதையும் அப்படியே திருப்பிக் கொடுத்துவிட முடியாது. நாம் கழுவிக் கொடுத்ததை நம் கண்ணெதிரிலேயே இன்னொரு தடவை கழுவி வைப்பாள்.

அவள் புருஷன் ஜாக் ட்ரான்டருக்கு நல்ல குரல். மதுக்கடை மதுக்கடையாகப் பாடி, பாடினதற்குக் குடித்து, குடித்ததற்கு மறுபடியும் பாடி, கடைசியில் கடற்கரை ஊருக்குப் போன ஒரு நாடகக் கும்பலோடு போனவன் திரும்பவே இல்லை. அன்றிலிருந்து அந்த வீட்டில் பாட்டு என்ற பேச்சே கிடையாது. தெருவில் யாராவது சீட்டியடித்துக்கொண்டு போனாலே ஜன்னலைச் சாத்துவாள். ஆனால் குரலைச் சாத்த முடியுமா? அது மகளுக்கு வந்துவிட்டது.

மகள் பெயர் குவீனி. பிஸ்கட் ஃபாக்டரியில் வேலை. வீட்டில் பாட முடியாதபடியால் என் சமையலறைக்கு வந்துதான் பாடுவாள். வாய் திறக்குமுன் ஒரு மடக்கு எச்சிலை விழுங்குவாள், 'களக்' என்று சத்தம் கேட்கும். சின்ன வயசிலிருந்தே அப்படித்தான். கண்ணாடி டம்ளரை உடைத்துவிட்டு அம்மாவிடம் சொல்ல வந்தாலும் முதலில் அந்தக் 'களக்', பிறகுதான் பேச்சு. ஏதோ ஒரு நடன மேடையில் கடைசி வரிசையில் ஆடப்போனாள். அங்கிருந்து இந்தப் படத்துக்குக் கூப்பிட்டார்கள். விருந்துக்கு வந்த சீமாட்டிகளில் ஒருத்தியாக நிற்க வேண்டும். குரலைக் கேட்ட பிறகு, பியானோவுக்குப் பக்கத்தில் நின்று தனியாக நாலு வரி பாடவும் சொல்லிவிட்டார்கள்.

ஆனால் சீமாட்டி டெப்ட்ஃபோர்ட்காரியைப் போலப் பாடலாமா? நாங்கள் வார்த்தையில் பாதியை விழுங்கிவிட்டு மீதியை இழுக்கிறவர்கள். அப்போதெல்லாம் எங்கள் ஊர்ப் படங்களில் வேலைக்காரன், திருடன் தவிர மற்ற எல்லாரும் அரண்மனையில் பிறந்தவர்கள் மாதிரிதான் பேச வேண்டும். பேச்சு சொல்லிக்கொடுக்க ஸ்டுடியோவில் ஒரு வாத்தியாரம்மாவை வைத்திருந்தார்கள். பல்லுக்கு நடுவில் பாட்டில் தக்கையை வைத்துக்கொண்டு பேசிப் பழகச் சொல்வாளாம் அவள். குவீனி அந்தத் தக்கையோடு என் வீட்டுக்கு வருவாள்.

"லில் அத்த, நா இப்ப சீமாட்டியாக்கும். சீமாட்டிக்குக் கொஞ்சம் டீ ஊத்து பாப்போம்," என்பாள்.

சிரித்துச் சிரித்து எனக்கு வயிறு வலிக்கும். ஆனால் தக்கையை எடுத்துவிட்டு அந்த நாலு வரியைப் பாடும்போது சிரிப்பு வராது. அவ்வளவு சுத்தமாக வேறு யாரோ ஒருத்தியாக மாறியிருந்தாள். எனக்கு ஒரு மாதிரி பயமாகக்கூட இருந்தது.

படப்பிடிப்புக்கு முதல் நாள் சாயங்காலம் நான் ஹெட்டி வீட்டில் இருந்தேன். ஹெட்டி வெந்நீர் பக்கெட்டில் காலை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். குவீனி நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு எதிரில் வந்து நின்றாள்.

"அம்மா, எனக்குன்னு தனியா நாலு வரி குடுத்திருக்காங்க. ஒரே ஒரு தடவ கேளும்மா."

சொல்லிவிட்டு எச்சிலை விழுங்கினாள். அந்தக் 'களக்' கேட்டது.

"நிறுத்து," என்றாள் ஹெட்டி. "இந்த வீட்டுல ஒரு பாட்டுக்காரன் இருந்தது போதும்."

பாட்டு வரவில்லை. குவீனி நாற்காலியை மேஜைக்கடியில் தள்ளிவிட்டு, அம்மாவின் காலைத் துடைக்கத் துண்டு எடுத்து வரப்போனாள். ஹெட்டி கல்நெஞ்சுக்காரி இல்லை. அன்றைக்கு அவளுக்குக் கால் வலி, அவ்வளவுதான். நாளைக்குக் கேட்டுக்கொள்ளலாம் என்றுகூட நினைத்திருப்பாள்.

அது ஜனவரி மாதக் குளிர். ஸ்டுடியோவில் சத்தம் பதிவாகிற நேரத்தில் ஈ நுழையவும் விடமாட்டார்கள். கதவுகளைச் சாத்தி, காற்றாடிகளையும் நிறுத்திவிடுவார்கள். உச்சியில் அத்தனை விளக்குகள். பெண்கள் கையில்லாத கவுனில் வேர்த்து ஊற்றிக்கொண்டு நிற்பார்கள். வேலை முடிந்ததும் அந்த வேர்வையோடு பனியில் போய், கூரையில்லாத ஸ்டேஷனில் தொழிலாளர் ரயிலுக்குக் காத்து நிற்க வேண்டும். கார் வைத்து அனுப்ப அவர்கள் நிஜச் சீமாட்டிகளா என்ன? குவீனிக்கு நெஞ்சில் சளி கட்டியது. முதலில் போனது குரல்தான். கடைசி நாட்களில் தண்ணீர் கேட்கக்கூட உதட்டைத்தான் அசைத்தாள். செத்த பிறகு, பிணம் குளிப்பாட்ட வருகிற தெருக்கோடிப் பெண்மணியை ஹெட்டி வாசலிலேயே திருப்பி அனுப்பிவிட்டாள். வெந்நீரைத் தன் முழங்கையால் தொட்டுச் சூடு பார்த்து, கைக்குழந்தைக்குச் செய்கிற மாதிரி தானே குளிப்பாட்டினாள். அழவில்லை. நான்தான் அழுதேன்.

இலையுதிர் காலத்தில் ஒரு திங்கட்கிழமை, பாரகானில் நான் நடுவரிசையில் குனிந்திருந்தவள் இடுப்பு வலித்து நிமிர்ந்தேன். திரையில் குவீனி நின்றுகொண்டிருந்தாள். வீட்டுக் கதவு அளவுக்கு முகம். வெள்ளை கவுன், கழுத்தில் முத்து. விளக்கு வெளிச்சத்தில் வெளிறி, சலவையில் சாயம் போன மாதிரி இருந்தாள். ஆனாலும் அவள்தான்.

"ஹெட்டி, மேல பாரு," என்றேன்.

பால்கனியிலிருந்து எதையோ கொட்டிவிட்டார்கள் என்று நினைத்து அவள் மேலே பார்த்தாள். பிறகு நான் காட்டிய பக்கம் திரும்பினாள். குவீனி வாயைத் திறந்து பாடிக்கொண்டிருந்தாள். மிஸஸ் மாட் தகரத்தில் குப்பையைத் தட்டுகிற சத்தம் மட்டும் தியேட்டரில் கேட்டது. அந்தக் காட்சி மாறி நாய் ஒன்று குளத்தில் விழுகிற காட்சி வந்தது. அதற்குப் பிறகும் ஹெட்டி நின்ற இடத்திலேயே நின்றாள், கையில் இருந்த துணியிலிருந்து தண்ணீர் அவள் செருப்பில் சொட்டிக்கொண்டிருந்தது.

அந்த வாரம் முழுக்க அந்தக் காட்சி வரும் நேரத்துக்கு அவள் நடுவரிசைக்கு வந்துவிடுவாள். பார்ப்பாள். முகம் கிடைத்துவிட்டது. ஆனால் அவளுக்கு வேண்டியது முகம் இல்லை. தன் வாயால் நிறுத்திய அந்த நாலு வரியை ஒரு தடவை கேட்க வேண்டும். அதைத் தவிர வேறு எதுவும் அவளுக்கு இந்த உலகத்தில் வேண்டியிருக்கவில்லை. என்னிடம் வாய்விட்டே சொன்னாள்.

"அவ கேளுன்னா. நான் கேக்கல. இப்ப கேட்டுட்டா அவளுக்குத் தெரியுமா லில்?"

தெரியும் என்றேன். எனக்கு என்ன தெரியும்?

பில்பீமிடம் போய்க் கேட்டாள். கையை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு, சார், அந்தப் படத்துக்குச் சத்தம் வைக்க முடியுமா என்று கேட்டாள். என் மகள் அதில் பாடுகிறாள் என்று மட்டும் சொன்னாள், செத்துப்போனதைச் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் ஒன்றும் ஆகியிருக்காது. நீங்களெல்லாம் உட்கார்ந்து படம் பார்க்க ஆரம்பித்தால் தரையைத் தேய்க்க லேடி ரோசமண்ட் வருவாளா என்று கேட்டுவிட்டு, தன் நகைச்சுவையைத் தானே ரசித்துக்கொண்டு போனான்.

ஆபரேட்டர் க்ளெக் நல்ல மனிதர். வடக்கத்திக்காரர், அதிகம் பேசமாட்டார். நான் அவரிடம் விஷயத்தைச் சொன்னேன். சனிக்கிழமை காலையில் பில்பீம் சவரக்கடைக்குப் போவான், திரும்ப நேரமாகும். அன்றைக்குத் தட்டைப் போடுகிறேன் என்றார்.

சனிக்கிழமை நாங்கள் நான்கு பேரும் நாற்காலியில் உட்கார்ந்தோம், நல்ல நாற்காலியில். ஹெட்டி உட்காருமுன் தன் பாவாடையின் பின்பக்கத்தைத் தட்டிவிட்டு, துணி ஒன்றை விரித்து அதன்மேல் உட்கார்ந்தாள். க்ளெக் விளக்கையும் அணைத்துவிட்டார். முதன்முதலாக அந்தப் படம் படம் மாதிரி இருந்தது. பியானோ கேட்டது. கொட்டாவி விடுகிற மாதிரி ஒரு ஆள் பாடினான். அதன் பிறகு குவீனி வந்து பியானோவுக்குப் பக்கத்தில் நின்றாள். 'களக்' என்று எச்சில் விழுங்குகிற சத்தம், அவ்வளவு பெரிய தியேட்டர் முழுக்கக் கேட்டது. பாட்டு தொடங்கியது.

ஒரு வரிகூட முடியவில்லை.

"இது யாரு?" என்றாள் ஹெட்டி.

"குவீனிதான் ஹெட்டி. அப்பிடிப் பாடச் சொல்லிக் குடுத்திருக்காங்க. எங்க வீட்ல வந்துதான் பழகினா."

"எம் பொண்ணு குரல் எனக்குத் தெரியாதா? அவ முகத்த வச்சுக்கிட்டு எவளையோ பாட வச்சிருக்காங்க. இது ப்ளாக்ஹீத் குரல். மூலையில இன்னும் அழுக்கு இருக்கு, மறுபடி தேயின்னு சொல்ற குரல்."

நான் அவள் கையைப் பிடித்தேன். உதறினாள். எழுந்து நின்று, பின்னால் திரும்பி, மேலே ஆபரேட்டர் அறையைப் பார்த்தாள்.

"மிஸ்டர் க்ளெக், அந்தச் சத்தத்த நிறுத்துங்க."

க்ளெக் முள்ளைத் தூக்கிவிட்டார். திரையில் குவீனியின் வாய் அசைந்துகொண்டே இருந்தது. ஹெட்டியைக் குறை சொல்ல எனக்கு மனசு வரவில்லை. மகளைக் கேட்க உட்கார்ந்தவளுக்கு எஜமானியின் குரல் கேட்டால் எப்படி இருக்கும்? தக்கை கொடுத்த அந்த வாத்தியாரம்மாவைத்தான் அன்றைக்கு என் கையால் நாலு அறை அறைய வேண்டும் போலிருந்தது.

திங்கட்கிழமை வேறு படம் வந்துவிட்டது. ஹெட்டியும் நானும் பால்கனிப் படிக்கட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தோம். அவள் எனக்கு மேல் படியில். அவள் பிரஷ் சத்தம் நின்றது.

"லில், அந்தப் பொம்பள பாடறதுக்கு முன்னாடி ஒரு சத்தம் வந்துச்சே."

"ஆமா."

"எச்சி முழுங்குற சத்தம்."

"ஆமா ஹெட்டி."

அவள் அந்த ஈரப் படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். ஈரத் தரையில் யாராவது கால் வைத்தாலே கத்துகிறவள்.

"அப்ப அது அவதான்," என்றாள். "நா மறுபடியும் நிறுத்திட்டேன்."

படம் அதற்குள் போயே போய்விட்டது. லூயிஷமில் ஓடுகிறது என்று கேள்விப்பட்டுப் போனாள். விளக்கு எரிந்துகொண்டிருந்தது, சத்தம் இல்லை. ஊலிச்சில் ஓடுகிறது என்றார்கள். அங்கேயும் விளக்கு, அங்கேயும் ஊமை. அங்கே வேலை செய்கிற பெண்களிடம் கெஞ்சி, ஒரு நாள் அவர்களில் ஒருத்திக்குப் பதிலாகத் தான் தேய்ப்பதாகச் சொல்லி உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். யாரும் தட்டைத் தொடவே இல்லை. சீமாட்டிக் குரலில் பாட இவ்வளவு பாடுபட்டாள் அந்தப் பெண். ஊரில் ஒரு தியேட்டரில்கூட அதைக் கேட்பார் இல்லை. கேட்க ஆசைப்பட்ட ஒரே ஒருத்திக்கு அடையாளம் தெரியவில்லை. இதை நினைத்தால் எனக்கு இப்போதும் நெஞ்சு எரிகிறது.

குளிர்காலம் வந்ததும் க்ளெக் ஒரு செய்தி கொண்டுவந்தார். படத்துக்கு இனி வேலை இல்லை, சுருளை உருக்கவும் தட்டை உடைக்கவும் அனுப்பிவிட்டார்கள். ஆனால் உடைக்கிற இடத்தில் அவருக்குத் தெரிந்தவர் இருந்தார். அந்த மனிதர் நிலவறையில் கிடந்த குவியலில் தேடி, குவீனி பாடுகிற தட்டைக் கண்டுபிடித்து எடுத்து வைத்திருந்தார். ஒரு வெள்ளிக்கிழமை அது க்ளெக்கின் கைக்கு வந்தது. சாப்பாட்டுத் தட்டைப் போல இரண்டு மடங்கு இருக்கும். மேலெல்லாம் கரித்தூளும் எண்ணெய்ப் பிசுக்கும். ஞாயிற்றுக்கிழமை காலை தியேட்டர் பூட்டியிருக்கும், பில்பீம் படுக்கையில் இருப்பான், அப்போது போட்டுக் காட்டுகிறேன் என்றார். படம் இல்லை, குரல் மட்டும்தான் என்றும் சொன்னார். முகத்தைத்தான் வேண்டிய மட்டும் பார்த்துவிட்டேனே என்றாள் ஹெட்டி.

"மிஸ்டர் க்ளெக், அதுவரைக்கும் அது எங்க வீட்ல இருக்கட்டுமா?"

அவரால் எப்படி இல்லை என்று சொல்ல முடியும்? அடுப்புக்குப் பக்கத்தில் வைக்காதீர்கள், மேலே எதையும் வைக்காதீர்கள், கீழே போட்டுவிடாதீர்கள் என்று சொல்லிக் கொடுத்தார். எல்லாம் சரியாகத்தான் சொன்னார். ஒன்றை மட்டும் சொல்லவில்லை. அது அவருக்குத் தோன்றவில்லை, எனக்கும் தோன்றவில்லை. யாருக்குத்தான் தோன்றும்? ஹெட்டி வீட்டில் கிராமஃபோன் இருந்ததே இல்லை. இசைத்தட்டு ஒன்றை அவள் கையில் வாங்கியதே அன்றுதான்.

ஞாயிற்றுக்கிழமை அவள் கறுப்புத் தொப்பியும் கையுறையும் போட்டுக்கொண்டு வந்தாள். குவீனியின் சவ அடக்கத்துக்குப் போட்டது. வெள்ளைத் துணி ஒன்றில் சுற்றி, அந்தத் தட்டை மார்போடு அணைத்துக்கொண்டு தெருவில் நடந்தாள். நான் பக்கத்தில் நடந்தேன். வழியில் ஒரு தடவை, குரல் எப்படியிருந்தாலும் இன்றைக்குக் கடைசிவரை கேட்டுவிடுவேன் என்றாள். சீமாட்டியாகப் பாடினால் பாடட்டும், என் சீமாட்டிதானே என்றாள்.

க்ளெக் ஆபரேட்டர் அறையிலிருந்து இறங்கி வந்து துணியைப் பிரித்தார். தட்டு பளபளவென்று இருந்தது. கரி இல்லை, எண்ணெய் இல்லை. நடுவில் ஒட்டியிருந்த காகிதம்கூட இல்லை. க்ளெக் அதை விளக்குக்கு நேராகத் தூக்கிச் சாய்த்துப் பார்த்தார். கொஞ்சம் வளைந்தும் இருந்தது.

"இத என்ன பண்ணீங்க மிஸஸ் ட்ரான்டர்?"

"கழுவினேன்," என்றாள் ஹெட்டி. அவள் முகத்தில் அப்படி ஒரு பெருமை. "ஒரே அழுக்கு. அந்தக் கோடுங்களுக்குள்ளல்லாம் போயிருந்துச்சு. சோடா போட்டு, மணல் போட்டு, கோடு கோடாத் தேய்ச்சு எடுத்தேன். வெந்நீர் ரொம்ப சூடு இல்ல. முழங்கையால தொட்டுப் பாத்துட்டுத்தான் வச்சேன்."

க்ளெக் என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். அந்தக் கோடுகளில்தான் குரல் இருந்தது என்று அவர் சொல்லியிருக்கலாம், ஆனால் அந்தத் தொப்பியைப் பார்த்துக்கொண்டு எந்த மனிதனால் சொல்ல முடியும்? தட்டை எடுத்துக்கொண்டு மேலே ஏறினார். அவருக்கும் ஏதோ ஒரு நப்பாசை இருந்திருக்கும். ஹெட்டி நடுவரிசையில், பழைய இடத்தில், தட்டைச் சுற்றிக் கொண்டுவந்த வெள்ளைத் துணியையே விரித்து உட்கார்ந்தாள். திரை வெறுமையாக இருந்தது. க்ளெக் விளக்கை அணைக்க மறந்துவிட்டார்.

முள் இறங்குகிற சத்தம் கேட்டது. பிறகு சர்ர் என்று ஒரு சத்தம். கொஞ்சம் நின்று மறுபடியும் சர்ர். தட்டு வளைந்திருந்ததால் ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு தரம் பெரிதாகி, ஒரு தரம் சிறிதாகி வந்தது. பியானோ இல்லை. 'களக்' இல்லை. நான் முன் நாற்காலியைப் பிடித்துக்கொண்டேன். அந்தச் சத்தம் எங்கள் இரண்டு பேருக்கும் நன்றாகத் தெரிந்த சத்தம். கல் தரையில் சோடாவும் மணலும் போட்டு, பிரஷ் போய்ப் போய் வருகிற சத்தம். அன்றாடம் விடிந்தால் நாங்கள் கேட்கிறது அதுதான்.

ஹெட்டி கையை மடியில் வைத்துக்கொண்டு கேட்டாள். முதலில் காத்திருந்தாள். பிறகு அவள் முதுகு மெல்லத் தளர்ந்தது. இந்தத் தடவை நிறுத்தச் சொல்லவில்லை. சொன்ன வார்த்தைப்படி, தட்டு சுற்றி முடியும்வரை கேட்டாள்.

"இது அவ இல்ல லில்," என்றாள். "இது நான்."

பிறகு கையுறையைக் கழற்றிப் பைக்குள் வைத்தாள். சனிக்கிழமை ராத்திரிக் கூட்டம் போட்டுவிட்டுப் போன ஆரஞ்சுத் தோல் அவள் காலடியில் கிடந்தது. குனிந்து அதைப் பொறுக்கினாள். அடுத்த நாற்காலிக்கு அடியிலும் கிடந்தது. அதையும் பொறுக்கிக்கொண்டு, அப்படியே வரிசை நெடுகப் போனாள்.